நெய்யாத ஆயிரங்கால் படாம்

அவைக்குத் தலைமை தாங்கி, என் மேல் கொண்ட அன்பின் மிகுதியால் அரை மணி நேரம் அழகழகான பொய்களைச் சொல்லிவிட்டு அமர்ந்திருக்கும் அண்ணாச்சி ராஜபாண்டி அவர்களே! வரவேற்புரை வழங்கிய வாசகர் வட்டத்தின் செயலாளர் மீனாட்சியம்மாள் அவர்களே! உளுந்தங்காட்டு வேலையைப் பாதியில் விட்டு, கரிசல் மண் காலில் ஒட்டியிருக்க வந்திருக்கும் பெரியோர்களே! ஆலையில் முறை மாற்றிக் கேட்டு வாங்கிக்கொண்டு வந்திருக்கும் தாய்மார்களே! மகன் கழுத்தில் மாலை விழுவதைப் பார்க்க முன்வரிசையில் வந்து அமர்ந்திருக்கும், என்னைப் பெற்ற மெஹராஜ் பேகம் அவர்களே! கைப்பேசியைக் கையிலேயே வைத்திருந்தாலும் கண்ணை என் பக்கம் வைத்திருக்கும் இளைஞர்களே! உங்கள் அனைவரையும் இந்த ஊர்க்காரன் ஹக்கீம் வணங்குகிறேன்.

அழைப்பிதழைப் பார்த்தேன். ‘ஆயிரங்கால் படாம் தந்த அற்புத எழுத்தாளர்’ என்று அச்சடித்திருக்கிறீர்கள். அச்சில் ஏறிய அந்த ஒரு வரிக்குப் பதில் சொல்லத்தான் இந்த மேடையில் ஏறினேன். இல்லையென்றால் ஏறியிருக்க மாட்டேன்.

ஆயிரங்கால் படாம் என்றால் என்ன? தாய்மார்கள் சிலருக்குத் தெரியாதிருக்கலாம், சொல்கிறேன். பெங்களூரில் ஒரு கம்பெனி. கைப்பேசியில் விளையாடும் விளையாட்டுகளைச் செய்யும் கம்பெனி. அங்கே எனக்குக் கதை எழுதும் வேலை. இளவேலம் என்று ஒரு நாட்டை நாங்கள் உண்டாக்கினோம். வரைபடத்தில் இல்லாத நாடு! வரி கட்டாத நாடு! வேலங்காடும் உப்பளமும் வெண்மலையும் ஏழு ஊற்றுகளும் கொண்ட நாடு! அந்த நாட்டில் உங்களுக்கென்று ஓர் உருவம் உண்டு. விரலால் திரையைத் தொட்டால் அது நடக்கும், ஓடும், மலையேறும். ஒருவரை ஒருவர் துணையாகச் சேர்த்துக்கொண்டு இருவராகவும் நடக்கலாம்.

ஒரு நாள் மதியம் எங்கள் மேலாளர் வந்து, “ஹக்கீம், ஒரு மர்மம் வேண்டும். விளம்பரத்தில் போடுகிற மாதிரி” என்றார். சோற்றுப் பாத்திரத்தை மூடி வைத்துவிட்டு எழுதினேன். என்ன எழுதினேன்? கேளுங்கள்.

இளவேலத்தில் ஒரு பெரும்போர் நடந்தது. போர் முடிந்தபோது ஊர்கள் எரிந்தன, ஏடுகள் எரிந்தன. யார் எங்கிருந்து வந்தார், யார் எவருடன் நடந்தார் என்று சொல்ல ஒரு நாவும் மிஞ்சவில்லை. அப்போது நீலி என்றொரு பேசாத பெண், ஏழு ஊற்றுகளில் ஏழு நூல் எடுத்து, வெண்மலைக் கோட்டைக்குள் ஒரு படாம் நெய்யத் தொடங்கினாள். ஆயிரம் கால்களின் நடையை நூலாலேயே சித்திரமாக எழுதும் பெருந்திரை! அந்த நாட்டில் யார் அடியெடுத்து வைத்தாலும் அந்த அடி அதில் ஓர் இழையாகும். குழந்தை வைத்த குறுநடையும் இழையாகும், வீரன் வைத்த வெறிநடையும் இழையாகும். ஏழு நூலும் தேடிச் சேர்த்து எவர் அந்தக் கதவின் முன் நிற்கிறாரோ, அவருக்குக் கதவு திறக்கும். அவரும் அவர் துணையும் நடந்த அத்தனை வழியும் அந்தப் படாத்தில் மின்னும்!

கை தட்டுகிறீர்கள். பன்னிரண்டு மொழிகளில் இதற்குக் கை தட்டினார்கள். ஆனால் அன்பர்களே, அந்தக் கதவுக்குப் பின்னால் படாம் இல்லை. படாம் இல்லை என்பது மட்டுமா? அறையே இல்லை! கதவு ஒரு படம். பின்னால் வெறுமை. அதைச் செய்ய ஆளும் போடவில்லை, நாளும் குறிக்கவில்லை. வார்த்தை மட்டும் இருந்தது. அந்த வார்த்தை என்னுடையது.

பின்னால் ஓர் அண்ணாச்சி என்னவோ கேட்கிறார்... “ஒரு படத்த வரஞ்சு உள்ள மாட்டிருக்கலாம்லா?” என்கிறார். நல்ல கேள்வி அண்ணாச்சி! இதையேதான் நானும் மேலாளரிடம் கேட்டேன். அவர் சிரித்துக்கொண்டே சொன்னார்: “திறந்து பார்த்துவிட்டால் போய்விடுவார்கள். திறக்காத வரைதான் நிற்பார்கள்.” நான் என்ன செய்தேன்? எதிர்த்தேனா? எழுந்தேனா? மூடி வைத்த பாத்திரத்தைத் திறந்து மிச்சச் சோற்றைச் சாப்பிட்டேன்.

இனி நான் சொல்லப்போவது ஒரு பெண்ணின் கதை. பாண்டிச்செல்வி என்பது பெயர். கடம்பூரில், ரயில் நிலையத்துக்குப் போகும் வழியில் போளிக்கடை வைத்திருப்பவர். நாற்பது வயதைத் தாண்டியவர். பெற்றோர் போன பிறகு தம்பி சுடலைக்குமாரைத் தன் பிள்ளையாக வளர்த்தவர். அந்தத் தம்பி டிராக்டர் ஓட்டுபவன். ஓர் ஐப்பசி மழையில், குழைந்து கிடந்த கரிசலில் வண்டி சறுக்கி, வரப்பில் கவிழ்ந்தது. உயிர் தப்பியது. இடுப்புக்குக் கீழே உணர்வு போனது. இருபத்தாறு வயதில் கட்டிலோடு கிடந்தான்.

கை நன்றாக இருந்தது. கையில் கைப்பேசி இருந்தது. அதில் எங்கள் இளவேலம் இருந்தது. எழ முடியாதவன் அங்கே எழுந்தான்! நடக்க முடியாதவன் அங்கே நடந்தான்! அக்காளுக்கும் ஓர் உருவம் செய்து கொடுத்து, துணையாகச் சேர்த்துக்கொண்டான். மதியம் கடையில் கூட்டம் குறையும் நேரம் அக்காள் வீட்டுக்கு வருவார். இருவரும் நடப்பார்கள். இரண்டு வருடம் நடந்தார்கள். ஐந்து நூல் சேர்த்தார்கள். படுக்கைப் புண் புரையோடி, ஆறாவது நூலுக்கு முன்னால் அந்தப் பிள்ளை இறந்துபோனான்.

அவனுடைய உருவம் என்ன ஆனது? ஐந்தாம் ஊற்றுக்கரையில், கடைசியாக நின்ற இடத்திலேயே நின்றது. அக்காள் தனியாக நடந்தார். எட்டு மாதத்தில் மீதி இரண்டு நூலையும் எடுத்தார். எதற்கு? விளையாட்டுப் பைத்தியமா? இல்லை ஐயா! கட்டிலோடு கிடந்த தம்பி எங்கெங்கெல்லாம் நடந்தான் என்று ஒரே ஒரு முறை ஒன்றாகப் பார்க்க வேண்டும். அவ்வளவுதான் அந்தத் தாயின் ஆசை. கதவின் முன் போய் நின்றார். கதவு திறக்கவில்லை.

கம்பெனிக்குக் கடிதம் எழுதினார். தமிழில் வந்த கடிதம், தமிழ் படிக்கத் தெரிந்த ஒரே ஆளான என் மேசைக்கு வந்தது. இன்றும் எனக்கு எழுத்துக்கு எழுத்து நினைவிருக்கிறது. “ஐயா, கடம்பூர்ல இருந்து எழுதுதேன். ஏழு நூலும் சேத்தாச்சு. எழுபது நாளா வந்து நிக்கேன். கதவு தொறக்க மாட்டேங்குது. என் தம்பி நடந்தத ஒரு தடவ பாக்கணும். நான் எதுவும் தப்பாப் பண்ணிட்டேனா?”

நம் கோவில்பட்டியிலிருந்து கூப்பிடு தூரம் கடம்பூர்! ஒரு வரி போதாதா? ‘அக்கா, உள்ளே ஒன்றுமில்லை, வீட்டுக்குப் போங்கள்’ என்று ஒரு வரி போதாதா? ஆனால் எனக்குப் பேசத் தெரியும் அல்லவா! இதே ஊரில் பள்ளிப் பேச்சுப்போட்டி ஒவ்வொன்றிலும் முதல் பரிசு வாங்கியவன் அல்லவா! எட்டயபுரம் வரை போய்க் கோப்பை தூக்கி வந்தவன் அல்லவா! எழுதினேன்: “அன்புப் பயணியே! கதவில் குறையில்லை. காத்திருப்பில் கனிவதே தகுதி. தகுதி கனியும் நாளில் கதவு தானே திறக்கும்.”

அழகான வரி, இல்லையா? மேலாளர் படித்துவிட்டு முதுகில் தட்டினார். மொழிபெயர்த்து, கதவு திறக்கவில்லை என்று கேட்ட எல்லாருக்கும் எல்லா மொழியிலும் அதையே அனுப்பச் சொன்னார்.

நான் மறந்துவிட்டேன். ஒரு வருடம் கழித்துக் கடம்பூரில் ஒரு கல்யாணத்துக்காக வந்தவன், ரயிலுக்கு நேரம் இருந்ததால் போளி வாங்க ஒரு கடையில் நின்றேன். கல்லில் போளி வெந்துகொண்டிருந்தது. கடைக்கார அம்மாள் ஒரு கையால் போளியைத் திருப்புகிறார், மறு கையில் கைப்பேசி. எட்டிப் பார்த்தேன். என் வேலங்காடு! என் உப்பளம்! பெருமையில் நெஞ்சு விம்மியது. “என்னக்கா, கேமா?” என்று கேட்டேன். யாரென்று சொல்லவில்லை.

“ஆமா தம்பி. ஏழு நூலு எடுக்கணும். நான் எடுத்தாச்சு. திரும்ப ஊத்துல போட்டுட்டு மறுபடி எடுக்கேன்.”

“எடுத்தத ஏன் போட்டீங்க?”

“தகுதி வேணுமாம் தம்பி. அந்தக் கேம் ஆபீஸ்ல இருந்து ஒரு பிள்ள எழுதுச்சு, நல்ல தமிழ்ல. கதவுல குறையில்லன்னு. அப்போ குறை எங்கன இருக்கு? எங்கிட்டதான இருக்கு?”

வெந்த போளியை என் கையில் தந்தார். அவர் அடுத்த மாவை உருட்டித் தட்டியபடியே சொன்னார். “எந்தம்பி கடைசி வாரம் தண்ணி கேட்டான். கடையில ஆளு நிக்காவ. செத்த பொறுல, வாரேன்னு சொல்லிட்டுக் கடைக்கு ஓடிட்டேன். வந்து பாக்கேன், உதடு காஞ்சு உறங்கிட்டான். அதாந் தம்பி. அதுக்குத்தான் தொறக்க மாட்டேங்குது.”

தாய்மார்களே, கண்ணைத் துடைக்காதீர்கள். இன்னும் இருக்கிறது. இதைக் கேட்ட பிறகாவது நான் வாய் திறந்தேனா? அடுக்குமொழி அருவியாகக் கொட்டும் இந்த வாய் திறந்ததா? “ரயிலுக்கு நேரமாச்சுக்கா, வாரேன்” என்றேன். போய் ஏறினேன். அடுத்த நிலையம் வருவதற்குள் அந்தப் போளியைத் தின்றும் முடித்தேன்.

சென்ற ஆண்டு தை மாதம் கம்பெனி இளவேலத்தை இழுத்து மூட முடிவெடுத்தது. ஆட்டம் பழசாகிவிட்டதாம். மூன்று வாரத்தில் நாடே அணைந்துவிடும் என்று அறிவித்தார்கள். அப்போதுதான் எனக்கு உறைத்தது. கணினி நிரல் எழுதும் ஒரு பெண்ணிடம் ஓடினேன். “ஒரே ஒருவருக்கு, அவருடைய தம்பி நடந்த வழியை மட்டும் ஒரு படமாகக் கொடுக்க முடியுமா?” என்று கேட்டேன். அவள் தேடிப் பார்த்தாள். “அடிகளை நாம் சேர்த்து வைப்பதே இல்லை. முப்பது நாளில் அழித்துவிடுகிறோம். அந்தத் தம்பியின் ஓர் அடிகூட இங்கே இல்லை” என்றாள்.

‘அடி விழுந்தால் இழையாகும்’ என்று எழுதினேனே! ஒன்றுகூட இல்லை!

அத்தோடு நிறுத்தினேனா? இல்லை. என் புத்தி அங்கேயும் பொய்யைத்தான் தேடியது. “ஏதாவது நாலு வழியைப் போட்டு அழகாக ஒன்று செய்து கொடு” என்று கேட்டேன். அவள் தயங்கித் தயங்கிச் செய்து கொடுத்தாள். அழகென்றால் அப்படியொரு அழகு! கருநீலத் துணியில் பொன்னிழை ஓடுவதுபோல, மலையைச் சுற்றி, ஆற்றைக் கடந்து, ஐந்தாம் ஊற்றில் முடியும் ஒரு வழி. அதைக் கைப்பேசியில் வைத்துக்கொண்டு கடம்பூருக்கு வந்தேன். அந்த அம்மாளின் மனம் ஆறட்டும் என்று எனக்கு நானே நியாயம் சொல்லிக்கொண்டு வந்தேன்.

“அக்கா, நாந்தான் அந்தக் கம்பெனியில இருக்கவன். உங்களுக்குக் கதவு தொறந்தாச்சு. பாருங்க” என்று நீட்டினேன்.

அவர் கையைத் தண்ணீரில் கழுவினார். முந்தானையில் துடைத்தார். இரண்டு கையாலும் வாங்கினார். வெகுநேரம் பார்த்தார். நான் எதிர்பார்த்த கண்ணீர் வரவில்லை. ஒரு விரலைத் திரையில் வைத்தார்.

“இதென்ன தம்பி, ஆத்தத் தாண்டிப் போவுது?”

“அவரு போன வழிக்கா.”

“அவன் போவ மாட்டான். கம்மாயில ஒருக்க முங்கிப் பொழச்சவன். தண்ணின்னா பயம். கேமுல கூட ஆத்துல எறங்க மாட்டான். வேலங்காட்டுல இருந்து கெழக்கப் போயி, உப்பளத்துக்கு அங்கிட்டுச் சுத்தித்தான் ரெண்டாம் நூலுக்குப் போனான். ஏம்ல இப்படிச் சுத்துதன்னு நான் ஏசுவேன். மூணாவது நூலுக்கு மலையில ஒம்பது தடவ விழுந்தான். நாலாவதுக்கு நான் முன்னால போனேன், அவன் எம் பின்னால வந்தான்.” நிமிர்ந்து என்னைப் பார்த்தார். “இது அவன் இல்ல. இது யாரு?”

அவையோரே, எனக்குப் பரிசு தந்த நடுவர்கள் எத்தனை பேர்! எவரும் என்னை அப்படி நிறுத்தியதில்லை. அந்தக் கல்லின் வெக்கைக்கு முன்னால் நின்று எல்லாவற்றையும் சொன்னேன். படாம் இல்லை என்று சொன்னேன். அறை இல்லை என்று சொன்னேன். தம்பியின் அடிகள் அழிந்ததைச் சொன்னேன். கடைசியாக, “அந்தத் தகுதின்னு எழுதினது நாந்தாங்க்கா” என்றேன்.

அவர் கத்தவில்லை. சபிக்கவில்லை. “அப்போ தண்ணி குடுக்காததுக்கு இல்லையா?” என்று மட்டும் கேட்டார்.

“இல்லக்கா.”

“ஒரு வருசம் நாலு மாசம், தம்பி. தெனமும் அவன் ஊத்துக்கரையில நிக்கதப் பாத்து, நாந்தான்ல உனக்குக் கதவத் தொறக்க விடாமப் பண்ணிட்டேன்னு சொல்லிட்டுக் கடந்து போனேன். போன வருசம் கடையில நின்னு கேட்டுட்டுத்தான போனீக? அப்போமே சொல்லிருக்கலாம்லா?”



மன்னிப்புக் கேட்டேன். அவர் அதைக் காதில் வாங்கிக்கொள்ளவே இல்லை. “எங்கிட்ட மட்டும் சொன்னா ஆச்சா? அந்தக் கதவு முன்னால ஊருபட்ட சனம் நிக்கி. எம் பக்கத்துல ஒரு பொம்பள நிப்பா, என்ன பாஷையோ, தெனமும் ஒரு பூவ வச்சுட்டுப் போவா. அவியகிட்டப் போயிச் சொல்லுங்க” என்றார். கைப்பேசியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, காத்திருந்தவருக்குப் போளியைத் தாளில் சுற்ற ஆரம்பித்தார்.

போனேன். மாசி மாதம், இளவேலத்தின் கடைசி நாள், பகல் இரண்டு மணி. கதவின் முன் எள் விழ இடமில்லை! எந்தெந்த நாட்டு உருவங்களோ! எல்லார் கையிலும் ஏழு நூல். முடிவதற்குள் திறந்துவிடும் என்று நம்பி நிற்கிறார்கள். நான் என் உருவத்தை நடுவில் நிறுத்தி, எல்லார் திரையிலும் தெரியும்படி எனக்குத் தெரிந்த மொழிகளில் எல்லாம் எழுதினேன். “நான்தான் இந்தக் கதையை எழுதியவன். உள்ளே ஒன்றுமில்லை. கலைந்து போங்கள்.”

நம்பினார்களா? சிரித்தார்கள். திட்டினார்கள். ஒருவர் எனக்குப் பதில் எழுதினார்: “கதவில் குறையில்லை. உனக்குத் தகுதி கனியவில்லை.” அடுத்தவர் அதையே எழுதினார். அதற்கடுத்தவரும் எழுதினார். நான் வனைந்த வரி, நான் வார்த்த வரி, நான் வளர்த்த வரி, என் மேலேயே வந்து விழுந்தது! திரை முழுக்க அதுதான். அப்படியே இருக்கும்போதே நாடு அணைந்தது.

கடைக்குத் தொலைபேசியில் அழைத்தேன். “அக்கா, நீங்க வரலியே?”

“நான் எதுக்கு வாரேன்? எனக்குத்தான் தெரிஞ்சு போச்சே. கடையப் பாக்கண்டாமா?”

“எல்லார்கிட்டயும் சொன்னேன்க்கா. ஒருத்தரும் நம்பல.”

“நீங்க மொதல்ல சொன்னதத்தான அவிய நம்பிட்டு நிக்காவ. அது உங்க பாடு தம்பி. இனிமே இங்கன வராதீங்க. கல்லுல போளி கெடக்கு, கருகிரும். வையுங்க.”

வைத்துவிட்டார். அதற்குப் பிறகு நான் அவரைப் பார்க்கவில்லை. எனக்கு வேறு கம்பெனியில் வேலை கிடைத்தது. நான் வேலையைத் தூக்கி எறிந்த வீரன் அல்லன், அப்படி யாரும் எண்ண வேண்டாம். நாடு அணைந்த பிறகு பத்திரிகைக்காரர்கள் எழுதினார்கள், ‘எவரும் காணாத அதிசயப் படாம்’ என்று. அதைப் படித்துத்தான் நீங்களும் என்னை அழைத்தீர்கள். இல்லாத ஒன்றுக்கு எனக்கு விழா எடுக்கிறீர்கள்!

என்ன கேட்கிறாய் தங்கச்சி? அந்த அக்கா வந்திருக்கிறாரா என்றா? வரவில்லை. நான் அழைக்கவும் இல்லை. வராதே என்று சொன்னவரை வாருங்கள் என்று கூப்பிட எனக்கு வாய் வரவில்லை.

அன்பர்களே, இந்தக் கரிசலுக்கு வார்த்தை புதிதா? கால்வாய் வரும் என்றார்கள் மேடையில். தண்ணீர் வரும் என்றார்கள் மேடையில். ஆலை வரும், வேலை வரும், நாளை வரும் என்றார்கள் மேடையில்! சொன்னவர்கள் சோடா குடித்துவிட்டு இறங்கிப் போனார்கள். கேட்டவர்கள் என்ன ஆனார்கள்? வராதபோது, சொன்னவன் பொய்யன் என்றா நினைத்தார்கள்? இல்லை! ‘நமக்குக் கொடுப்பினை இல்லை’ என்றல்லவா நினைத்தார்கள்! பொய் சொன்னது ஒரு குற்றம். அந்தப் பொய்க்கான பழியைக் கேட்டவன் தலையிலேயே ஏற்றிவிட்டுப் போவது அதைவிடப் பெரிய குற்றம். அந்தக் குற்றத்தைச் செய்தவன் இதோ உங்கள் முன்னால், உங்கள் ஒலிபெருக்கியைப் பிடித்துக்கொண்டு நிற்கிறேன்.

எனக்கு ஆறுதல் வேண்டாம். அண்ணாச்சி ராஜபாண்டி அவர்கள் ‘போதும்’ என்று கையைக் காட்டுகிறார். ஒரு நிமிடம் அண்ணாச்சி. இனி எவராவது இப்படி ஒரு மேடையில் ஏறி, அழகழகாக அள்ளி வீசினால், தாய்மார்களே, கை தட்டுவதற்கு முன்னால் எழுந்து நின்று கேளுங்கள்: “உள்ளே என்ன இருக்கிறது, திறந்து காட்டு!” திறக்காவிட்டால் குறை உங்களிடம் இல்லை. உங்களிடம் இல்லவே இல்லை! உங்கள் பொறுமையில் இல்லை, உங்கள் பிறப்பில் இல்லை, செத்த பொறு என்று நீங்கள் சொன்ன சொல்லிலும் இல்லை. இதைக் கடம்பூருக்கு முதல் கடிதத்திலேயே எழுதியிருக்க வேண்டும். இன்று உங்களிடம் சொல்கிறேன்.

கசப்பைக் கடைசி வரை பொறுத்துக் கேட்ட உங்கள் காதுகளுக்கு நன்றி. அழைத்த வாசகர் வட்டத்துக்கு நன்றி. அம்மா, தலையைக் குனியாதீர்கள், குனிய வேண்டியவன் நான். வெளியூர்க்காரர்கள் பேருந்தைத் தவற விடாமல் பத்திரமாகப் போய்ச் சேருங்கள். உங்கள் எல்லாருக்கும் என் வணக்கம்.